கானிமேரில் மிஞ்சிய இருவர்

பலேர்மோ
11.04.1999

அன்புள்ள தங்கச்சி குகனேஸ்வரிக்கு,

அண்ணன் விக்னராஜா எழுதுவது. நலம், நலமறிய அவா என்று தொடங்கினால் முதல் வரியே பொய்யாகிவிடும். உயிரோடு இருக்கிறேன். நீ வவுனியாவிலும், இங்கே வரக் காத்திருக்கிற பிள்ளை தர்சன் கொழும்பிலும் ஒரு குறையுமில்லாமல் இருக்க முருகனை வேண்டுகிறேன்.

கையெழுத்தைப் பார்த்துப் பயப்படாதே. வலது உள்ளங்கையில் பதினேழு தையல். பெருவிரல் இன்னும் மடங்குவதில்லை. பேனையை இரண்டு விரலுக்கு நடுவில் செருகிக்கொண்டுதான் எழுதுகிறேன். உன்னுடைய மாசி மாதக் கடிதத்துக்கு இவ்வளவு நாளும் பதில் இல்லையென்று எனக்கு நன்றாக ஏசியிருப்பாய். ஏசு, பரவாயில்லை. இந்தக் கடிதத்தைத் தபாலில் போடவில்லை. மன்னார்ப் பக்கத்துப் பவுல் லீவில் வருகிறார், அவர் கையில் கொடுத்துவிடுகிறேன். வாசித்து முடித்ததும் அடுப்பில் போட்டுவிடு.

நீ கேட்டது ஒன்றே ஒன்று. பதினொரு வருசத்துக்கு முன்னால் ஆமிக்காரரின் ஜீப்பில், தலையில் சாக்குப்பையோடு இருந்து, உன் புருசன் இராஜதுரையைப் பார்த்துத் தலையாட்டிக் காட்டிக்கொடுத்தவன் இத்தாலியில் இருக்கிறானாம். எங்கள் ஊர்க் கோபாலசிங்கம்தான் அந்தத் தலையாட்டி என்று உனக்கு இப்போது உறுதியாகத் தெரியுமாம். அவனுடைய விலாசத்தைத் தேடி அனுப்பச் சொல்லியிருக்கிறாய். தர்சனுக்கு எல்லாம் சொல்லித்தான் வளர்த்தேன், அவன் அங்கே வந்த பிறகு பார்த்துக்கொள்வான் என்றும் எழுதியிருக்கிறாய். அந்த வரியை நான் எத்தனை தரம் வாசித்தேன் என்று எனக்கே தெரியாது.

உன் கேள்விக்குப் பதில் தருவேன். அதற்கு முதல் என் கையைக் கிழித்த கதையைக் கேள். அவசரப்பட்டுக் கடைசிப் பக்கத்துக்குப் போகாதே. உன் குணம் எனக்குத் தெரியும்.

என்னோடு நாலு வருசமாக ஒரே வீட்டில் இருந்த ஷெர்கோவைப் பற்றி உனக்கு எழுதியிருக்கிறேன். குர்து இனத்துப் பெடியன், முப்பது வயது. கபோ சந்தைக்கு மேலே மூன்றாம் மாடியில் இரண்டு அறை; ஒன்று எனக்கு, ஒன்று அவனுக்கு, குசினி பொது. வுச்சீரியாச் சந்தையில் மீன்கடை ஒன்றில் பெட்டி தூக்கினான். வீட்டுக்கு வந்தால் மீன் சுற்றுகிற தாளில் வரைபடம் கீறுவான். துருக்கி, ஈராக், ஈரான், சிரியா என்று நாலு நாட்டையும் கீறி, நடுவில் சிவப்புப் பேனையால் ஒரு வளைவு போடுவான். அதுதான் அவனுடைய நாடு. இரண்டு கோடிக்கு மேல் சனமாம், தங்களுக்கென்று ஒரு முழம் நிலமும் இல்லையாம். நான் விடுவேனா? எங்களுக்கு ஒரு தீவில் ஒரு மூலை போதுமடா, அதுக்கே இந்தப் பாடு, நீ நாலு நாட்டை வெட்டப் போறியா என்று பகிடி பண்ணுவேன். சிரிப்பான். பள்ளிக்கூடத்தில் தாய்ப்பாஷையில் தண்ணீர் கேட்டதற்கு வாத்தியார் அடித்த தழும்பை முழங்காலில் காட்டுவான். எங்களுக்குள் யாருக்குக் கூட அடி விழுந்தது என்று சண்டை பிடித்துக்கொண்டு ஒரே கோப்பையில் சாப்பிட்டிருக்கிறோம்.

அவனுடைய ஊரின் பெயர் கானிமேர். அரசாங்கம் அதற்குத் துருக்கியில் வேறு பெயர் வைத்துவிட்டது. பலகையில் அந்தப் பெயர்தான் இருக்குமாம், சனத்தின் வாயில் கானிமேர்தான். முப்பத்தெட்டு வீடு. மலைக்குப் போன போராளிகளுக்கு எதிராகக் காவல் நிற்கச் சொல்லி ராணுவம் அந்தச் சனத்துக்கே துவக்கும் சம்பளமும் கொடுத்தது. வாங்கினால் ஊர்க்காவலன், வாங்காவிட்டால் எதிரி. ஒன்பது வீட்டுக்காரர் வாங்கினார்கள். ஷெர்கோவின் தகப்பன் வாங்கவில்லை.

தொண்ணூற்று மூன்று ஐப்பசியில் ராணுவம் வந்தது. ஊர்க்காவலர்தான் முன்னால் நடந்து வீடு காட்டினார்களாம். ஷெர்கோ மேலே சரிவில் ஆடுகளோடு நின்றவன், எல்லாவற்றையும் பார்த்தான். தகப்பனையும் தமையனையும் வீட்டுச் சுவரோடு நிறுத்திச் சுட்டார்கள். வீட்டுக்கு நெருப்பு வைத்தார்கள். பதினாறு வயதுத் தங்கச்சி குலே, கோவேறு கழுதையை அவிழ்த்துவிட உள்ளே ஓடினவள் திரும்பி வரவில்லை. வீட்டைக் காட்டினவன் பக்கத்து வீட்டுக்காரன். தமையனின் கலியாணத்தில் மாப்பிள்ளைத் தோழனாக நின்றவன். இவ்வளவையும் ஷெர்கோ எனக்கு ஒரே ஒரு தரம்தான் சொன்னான். அந்தப் பக்கத்து வீட்டுக்காரனின் பெயரைச் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும்.

போன வருசம் கார்த்திகையில் அவர்களுடைய தலைவர் ரோமுக்கு வந்தார். ஷெர்கோ வேலையை விட்டுவிட்டு ரெயின் ஏறினான். இரண்டு கிழமை சதுக்கத்தில் குளிரில் படுத்துவிட்டுக் காய்ச்சலோடு வந்தான். ஆனால் முகத்தைப் பார்க்க வேண்டும். ஏதோ நாடு கிடைத்துக் கொடி ஏற்றிவிட்டு வந்தவன் போல. ஐரோப்பா இனிக் கேட்டே ஆகும் என்றான். தை மாதம் தலைவரை இத்தாலியை விட்டு அனுப்பினார்கள். மாசியில் ஆபிரிக்காவில் வைத்துப் பிடித்துத் துருக்கிக்குக் கொண்டுபோய்விட்டார்கள். கண்ணைக் கட்டி விமானத்தில் இருத்தியிருந்ததை ரீவியில் காட்டினார்கள். ஷெர்கோ எழுந்துபோய்ச் சுவரில் தலையை மோதினான். ஒரு தரம் அல்ல. நெற்றி பிளந்து சுண்ணாம்பில் இரத்தம் வடியுமட்டும் மோதினான். நான் இடுப்பில் பிடித்து இழுத்து நிலத்தில் போட்டு மேலே ஏறி இருந்தேன். அதற்குப் பிறகு ஒரு மாதம் அவன் வாய் திறக்கவில்லை, சாப்பாடும் சரியில்லை. எனக்கு அவனைப் பார்க்கப் பயமாகவும் இருந்தது, பாவமாகவும் இருந்தது. இவனுக்கு ஏதாவது ஒரு சந்தோசம் காட்ட வேண்டுமென்று நினைத்துக்கொண்டே திரிந்தேன்.

அந்த நினைப்புத்தான் எல்லாவற்றுக்கும் வினை.

பங்குனி நடுவில் பெர்மெஸோ புதுப்பிக்கப் பொலிஸ் கந்தோரான குவெஸ்தூராவில் வரிசையில் நின்றேன். வதிவிட அனுமதிக்காகக் காலை ஐந்து மணிக்கே போய் நிற்க வேண்டும். எனக்கு முன்னால் ஐம்பது வயது மதிக்கிற ஒருவர், நரைத்த மீசை, இரண்டு கோட்டு ஒன்றின்மேல் ஒன்றாகப் போட்டிருந்தார். பெயர் ஹலீல் என்றார். ஒன்றேகால் வருசத்துக்கு முன்னால் கலாப்ரியாக் கரையில் தட்டின கப்பலில் வந்த குர்துக்காரர். எங்கள் சனத்தின் புத்தி உனக்குத் தெரியும். ஒரு மனிதனைக் கண்டால் முதல் கேள்வி எந்த ஊர், இரண்டாம் கேள்வி ஊரில் எந்தப் பக்கம், மூன்றாவது ஆருடைய மகன். நானும் கேட்டேன். அவர் துருக்கிப் பெயர் ஒன்றைச் சொன்னார். அதுக்குப் பழைய பெயர் இருக்குமே என்றேன். என்னை ஒரு மாதிரிப் பார்த்துவிட்டு, கானிமேர் என்றார்.

எனக்கு லொத்தர் விழுந்தமாதிரி இருந்தது. ஊரவனை ஊரவனோடு சேர்த்துவிடுகிறது எங்களுக்குக் கோயில் கட்டின புண்ணியம் அல்லவா? இந்தப் பலேர்மோவிலேயே எத்தனை பேரை நான் அப்படிச் சேர்த்துவிட்டிருக்கிறேன். உம்முடைய ஊரான் ஒருத்தன் என் வீட்டில் இருக்கிறான் என்றேன். அவர் முகம் வெளிறியது. யார், தகப்பன் பெயர் என்ன என்று கேட்டார். தகப்பன் பெயர் எனக்குத் தெரியாது, ஷெர்கோ என்று சொன்னேன். அந்தப் பெயரில் ஊரில் ஒருவரும் இல்லையே என்றார். அது இயக்கம் வைத்த பெயராக இருக்கும் என்று எனக்கு உடனே பட்டிருக்க வேண்டும். எங்கள் பெடியளுக்கு வீட்டில் ஒரு பெயர், இயக்கத்தில் ஒரு பெயர் என்பது நான் அறியாததா? பட்டதுதான். ஆனால் சந்தோசத்தில் அதை ஒதுக்கிவிட்டேன். ஊர்ப் பெயரை வேறு ஒருவர் வாயால் கேட்டு இரண்டு வருசம் என்று அந்த மனிதன் வரிசையில் நின்று அழுதார். நாடு என்று ஒன்று கிடைத்தால் கானிமேருக்கு முதலாவது ஆளாகத் திரும்பிப் போவது தான்தான் என்றார். பார்த்தாயா, அவருக்கும் அதே நாடுதான் வேண்டும்.

பங்குனி 21 ஞாயிற்றுக்கிழமை. அது அவர்களுக்கு வருசப்பிறப்பு, நெவ்ரோஸ் என்பார்கள், நெருப்பு மூட்டிச் சுற்றி ஆடுவார்கள். ஷெர்கோ விடியவே மற்றக் குர்துகளோடு கடற்கரைக்குப் போனான். மத்தியானம் கட்டாயம் வீட்டுக்கு வா, ஒரு ஆள் வருகிறார் என்று மட்டும் சொல்லி அனுப்பினேன். யாரென்று சொல்லவில்லை, கண்டு திகைக்கட்டும் என்று நினைத்தேன். என்னுடைய கெட்டித்தனம்! ஆட்டிறைச்சி இரண்டு கிலோ வாங்கி வெட்டிக் கறி வைத்தேன். ஹலீல் பன்னிரண்டு மணிக்கே தோடம்பழப் பையோடு வந்து, குசினிக் கதிரையில், கதவுக்கு முதுகு காட்டி இருந்தார்.

ஷெர்கோ படியேறி வந்தபோது உடம்பெல்லாம் புகை மணம். ஒரு மாதத்துக்குப் பிறகு அன்றைக்குத்தான் முகத்தில் கொஞ்சம் வெளிச்சம். நான் ஹலீலின் தோளில் கை வைத்து, கானிமேர் என்றேன். கலியாண வீட்டில் மாப்பிள்ளையை அறிமுகம் செய்கிற மாதிரி. ஹலீல் திரும்பினார்.

இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு இருந்தார்கள். பிறகு அவர்களுடைய பாஷையில் ஹலீல் விடாமல் ஏதோ சொல்லிக்கொண்டே போனார். பலகையில் கிடந்த, இறைச்சி வெட்டின கத்தியை ஷெர்கோ எடுத்தான். முதல் குத்து கழுத்துக்குக் கீழே விழுந்தது. ஹலீல் கதிரையோடு விழுந்தார், மேசை கவிழ்ந்தது, கறிச்சட்டி என் காலில் கொட்டியது. இரண்டாவது வயிற்றில். நான் கத்தியைப் பிடித்தேன். பிடியைப் பிடிப்பதாக நினைத்து அலகைப் பிடித்துவிட்டேன். அவன் இழுத்தான். எனக்கு அப்போது நோகவில்லை, சூடாக மட்டும் இருந்தது. மூன்றாவது குத்து என் கையையும் சேர்த்துக்கொண்டு போய் அந்த மனிதனின் நெஞ்சில் இறங்கியது. தங்கச்சி, ஒரு மனிதனின் நெஞ்செலும்பில் கத்தி தடைபட்டு நிற்பதை என் கையால் உணர்ந்தேன். அதை நான் சாகுமட்டும் மறக்கமாட்டேன். நிலமெல்லாம் இரத்தமும் குழம்பும். ஷெர்கோ சுவரோடு சாய்ந்து இருந்து, தங்கச்சியின் பெயரைச் சொல்லிக்கொண்டிருந்தான். கீழ்வீட்டுக்காரி ஸ்ரெல்லா ஓடிவந்து பார்த்துவிட்டுக் கத்தின சத்தத்தில்தான் பொலிஸ் வந்தது.

ஹலீல் மூன்றாம் நாள் ஆஸ்பத்திரியில் செத்துப்போனார். உடம்பைக் கேட்க ஒரு சனம் வரவில்லை. கானிமேரில் வீடு காட்டின ஊர்க்காவலன் அவர்தான் என்று தெரிந்ததும் குர்துக்காரர் ஒருவரும் எட்டிப் பார்க்கவில்லை. நானும் பவுலும் இரண்டு தூனிசியாக்காரரும்தான் மண் போட்டோம். நான் கூட்டிக்கொண்டு வந்து கொல்லக் கொடுத்த மனிதனுக்கு நானே மண் போட்டேன்.

போன வியாழன் சிறையில் ஷெர்கோவைப் பார்க்க விட்டார்கள். ஹலீல் அன்றைக்கு என்ன சொன்னார் என்று கேட்டேன். துவக்கை வாங்காவிட்டால் ஹலீலின் தாயை உள்ளே வைத்தே வீட்டைக் கொளுத்துவோம் என்று ராணுவம் மிரட்டியதாம். வீட்டைக் காட்டினால் ஆட்களை மட்டும் பிடித்துக்கொண்டு போவார்கள் என்று நம்பினாராம். குலே உள்ளே ஓடினபோது தான்தான் பின்னால் ஓடினதாகவும், கதவு நிலை எரிந்து விழுந்ததாகவும் சொன்னாராம். பொய்யோ மெய்யோ, இனிக் கேட்க ஆளில்லை. பிறகு போராளிகள் வந்து ஹலீலின் இரண்டு பிள்ளைகளையும் சுட்டார்களாம். அதையும் சொல்லிக்கொண்டிருக்கும்போதுதான் குத்தினானாம். நெஞ்சு ஆறிச்சுதோ என்று கேட்டேன். கண்ணாடிக்கு அங்காலை தலையைக் குனிந்துகொண்டான். பிறகு சொன்னான்:

"இந்த நகரத்திலை என்ரை தங்கச்சியின்ரை முகம் தெரிஞ்ச ஆள் அவன் ஒருத்தன்தான். நாடு கிடைச்சால் அந்த ஊருக்குத் திரும்பிப் போக நாங்கள் ரெண்டு பேர் இருந்தம். இப்ப ஆருமில்லை."

அவன் இத்தாலியில் சொன்னதை நான் எங்கள் பேச்சில் எழுதியிருக்கிறேன்.

இப்போது உன் கேள்விக்கு வருகிறேன். கோபாலசிங்கம் இந்தப் பலேர்மோவில்தான் இருக்கிறான். எனக்கு ஐந்து வருசமாகத் தெரியும்; தலையாட்டினவன் அவன்தான் என்ற கதையும் அப்போதே என் காதுக்கு வந்தது. உனக்கு மறைத்தேன். நீ என்னைக் கொல்ல வேண்டும்போல் இருக்கும், தெரியும். தொடர்ந்து வாசி.

தொண்ணூற்று நாலில் துறைமுகத்துக்குப் பின்னால் அவன் இருக்கிறான் என்று அறிந்த அன்றே போனேன். வெறுங்கையோடு அல்ல, வேலை செய்கிற வீட்டில் திருத்த வேலைக்கு வைத்திருந்த இரும்புக் கம்பி ஒன்றை எடுத்துக்கொண்டு போனேன். கதவைத் திறந்தான். கம்பியைப் பார்த்தான். ஓடவில்லை, கத்தவில்லை. "உள்ளுக்கை வாரும். பிள்ளையள் பள்ளிக்கூடத்தாலை வர முன்னம் முடிச்சுவிடும்" என்றான். ஓங்கி ஒரு அடி அடித்தேன். தோளில் எலும்பு உடைகிற சத்தம் கேட்டது. நிலத்தில் விழுந்து கிடந்துகொண்டு, தன் தம்பியை முகாமில் வைத்துக்கொண்டு தன்னை ஜீப்பில் ஏற்றினார்கள் என்றும், பதினொரு பேருக்குத் தலையாட்டியும் தம்பியை விடவில்லை என்றும் சொன்னான். நான் நியாயம் கேட்கப் போகவில்லை. இரண்டாவது அடிக்குக் கையை ஓங்கினேன். கை வரவில்லை. மச்சானின் முகத்தை நினைத்துப் பார்த்தேன், அப்போதும் வரவில்லை. கீழே இறங்கிக் கம்பியைக் குப்பைத் தொட்டிக்குள் போட்டுவிட்டு வந்தேன். படியில் விழுந்ததாகத்தான் அவன் எல்லோருக்கும் சொன்னான். இன்றைக்கும் இடக்கையைத் தோளுக்கு மேலே தூக்கமாட்டான்.

உனக்காக ஒரு அடி விழுந்துவிட்டது, குகனேஸ். அது எனக்கு ஒன்றும் ஆற்றவில்லை. உனக்கு ஆற்றுமென்றால் எடுத்துக்கொள். மச்சானைச் சந்தியில் போட்டுவிட்டுப் போன அன்று நீ அவர் தலையை மடியில் வைத்துக்கொண்டு இருந்ததை நான் மறக்கவில்லை. உன்னுடைய ஆத்திரம் பிழையென்று நான் எழுதவில்லை. எழுத எனக்கு வாயும் இல்லை.

ஆனால் விலாசம் தரமாட்டேன். நீ இனி வேறு ஒருவரிடமும் கேட்காதே. கேட்கக் கேட்க அது தர்சனின் காதுக்குப் போகும். எங்கள் சனம் கூடுகிற இடம் இங்கே நாலைந்துதான். வந்து ஒரு கிழமைக்குள் ஆளைப் பிடித்துவிடுவான். போன திங்கள் கொழும்பிலிருந்து ரெலிபோன் எடுத்தான். குளிர் எப்படி, வேலை எப்படி என்று ஒன்றும் கேட்கவில்லை. "மாமா, அங்கை எங்கடை ஊராக்கள் ஆரார் இருக்கினம்?" என்று மட்டும் கேட்டான். ஒருத்தரும் இல்லையடா என்றேன். சரி மாமா என்று வைத்துவிட்டான். அந்தச் சரி எனக்குப் பிடிக்கவில்லை.

அவனை அனுப்பாதே என்றும் சொல்ல முடியாது. கொழும்பு லொட்ஜில் கிடந்தால் இன்றைக்கில்லாவிட்டால் நாளைக்குப் பொலிஸ் பிடித்துக்கொண்டு போகும். திரும்ப உன்னிடம் வந்தால் இயக்கம் வேறு ஒரு துவக்கை அவன் கையில் கொடுக்கும். வரத்தான் வேண்டும். அதனால் ஒரே ஒரு பொய் சொல்லச் சொல்லி உன் காலைப் பிடிக்கிறேன். கோபாலசிங்கம் செத்துப்போனான், அண்ணை விசாரித்து எழுதிவிட்டார் என்று அவனிடம் சொல்லு. கடலில் மூழ்கிச் செத்தான் என்று சொல்லு, வருத்தம் வந்து செத்தான் என்று சொல்லு, உனக்கு எது ஆறுதலோ அப்படிச் சொல்லு. நான் இங்கே கோபாலசிங்கத்தைப் போய்ப் பார்த்து, நகரத்தை விட்டு வடக்கே போகச் சொல்லுகிறேன். என்னுடைய வார்த்தைக்குப் போவான் என்றுதான் நினைக்கிறேன். ஆனால் நீ சொன்னால்தான் தர்சன் நம்புவான். நீ அழுதுகொண்டு சொன்னால் கட்டாயம் நம்புவான்.

எனக்கு இனி ஒரு கத்தியைப் பிடித்து நிறுத்தக் கை இல்லை, தங்கச்சி.

அவனை ஏற்றி அனுப்பும்போது தூள், ஒடியல், உடுப்பு என்று ஒன்றும் கட்டிவிடாதே. அந்தப் பெயரையும் கட்டிவிடாதே. பிள்ளை மட்டும் வந்து சேரட்டும். ரெயினடியில் நான் நிற்பேன்.

முருகன் உங்கள் இரண்டு பேரையும் காப்பாற்றட்டும்.

இப்படிக்கு,
உன் அன்பு அண்ணன்
விக்னராஜா